பத்தொன்பதாம் பக்கத்தில் இல்லாத வாக்கியம்

போன ஞாயிற்றுக்கிழமை உங்கள் போதகர் இரண்டு மணி நேரம் பேசினாரே, அதில் ஒரு வாக்கியத்தை, ஒரே ஒரு வாக்கியத்தை, அவர் சொன்னபடியே உங்களால் திருப்பிச் சொல்ல முடியுமா? முடியாதென்றால் வெட்கப்பட வேண்டாம். எங்கள் கோல்ட்புரூக் சபையில் இருநூறு பேர் உட்கார்ந்து கேட்டு, கண்ணீர்விட்டு, ஆமென் சொன்ன ஒரு வாக்கியம் மூன்றே ஆண்டில் ஊருக்கே மறந்துபோயிற்று. மறக்காதவர்கள் இரண்டு பேர். ஒருவருக்கு அந்த வாக்கியம்தான் வாழ்வு. இன்னொருவர் அதை எழுதி வைத்திருந்தார்.

எழுதி வைத்தவர் பெயர் கெசையா லோரிங். தையல்காரர். வீட்டுக்கு ஒரு வாரம் தங்கி, அந்த வீட்டாருக்கு ஆண்டு முழுவதற்குமான துணியைத் தைத்துக் கொடுத்துவிட்டு அடுத்த வீட்டுக்குப் போவார். ஊரில் அவர் கையால் தைக்காத கோட்டு இல்லை. துண்டுக் காகிதங்களை அதே ஊசி நூலால் தைத்து உள்ளங்கை அகலத்தில் சிறு ஏடுகள் செய்துகொள்வார். ஞாயிறுதோறும் காலைப் பிரசங்கத்துக்கு நாலு பக்கம், பிற்பகல் பிரசங்கத்துக்கு நாலு பக்கம். குளிரில் மை உறைந்துவிடும் மாதங்களில் ஈயக் குச்சியால் எழுதுவார். பீடத்தின் மேலுள்ள மணற்கடிகாரத்தை எப்போது திருப்பினார்கள், யார் இருமினார்கள், யார் தூங்கினார்கள் என்பதெல்லாம் ஓரத்தில் இருக்கும். தூங்கியவர்களில் பலருக்கு அந்த ஏடுகள்மேல் அவ்வளவு பிரியமில்லை.

இந்தப் பழக்கம் பக்தியால் வந்தது என்று ஊர் சொல்லும். அவரையே கேட்டால் வேறு சொல்வார். ஆயிரத்து எழுநூற்று ஐம்பத்தெட்டில், பிரெஞ்சுக்காரர்களோடு இங்கிலாந்து ராஜா நடத்திய போருக்கு ஆள் சேர்த்தார்கள். எங்கள் போதகர் எலிஃபலெட் சோமர்ஸ் அப்போது இளைஞர். போருக்கு வராத மேரோஸ் என்ற ஊர் வேதத்தில் சபிக்கப்பட்டதே, அந்த வசனத்தை எடுத்துக்கொண்டு இரண்டு மணி நேரம் முழங்கினார். கெசையாவின் கணவர் ரூபன் அந்த முழக்கத்தைக் கேட்டு மறுநாள் பெயர் கொடுத்தார். ஒரு குண்டுச் சத்தம்கூடக் கேட்காமல் ஏரிக்கரை முகாமில் வயிற்றுக்கடுப்பில் செத்தார். கெசையாவுக்கு இருபத்து நான்கு வயது. ரூபனை அனுப்பிய அந்தச் சொற்கள் என்ன என்று நினைத்துப் பார்த்தபோது, உடம்பு சிலிர்த்தது மட்டும் ஞாபகம் இருந்தது. சொற்கள் ஒன்றுகூட ஞாபகம் இல்லை. அடுத்த ஞாயிறே எழுதத் தொடங்கிவிட்டார்.

பத்தொன்பது ஆண்டு கழித்து, அதே போதகர், அதே பீடம், அதே மேரோஸ். முன்பு ராஜாவுக்காகப் போருக்குப் போகாதவன் சபிக்கப்பட்டான். இப்போது ராஜாவை எதிர்த்துப் போகாதவன் சபிக்கப்பட்டான். கடவுள் இடையில் கட்சி மாறிவிட்டாரா என்று யாரும் கேட்கவில்லை. ஆயிரத்து எழுநூற்று எழுபத்தேழு ஏப்ரலில், ஊரே உபவாசமிருந்த நாள் அது. மூன்று ஆண்டுச் சேவைக்குப் பதினொரு பேரை அனுப்ப வேண்டும் என்று ஊருக்கு உத்தரவு. சீட்டுப் போட்டதில் போதகரின் மகன் ஜோயலின் பெயரும் வந்திருந்தது. தனக்குப் பதிலாக வேறொருவரை அனுப்பச் சட்டம் இடம் கொடுத்தது. போதகர் வீட்டில் அதற்கு ஆள் இருந்தார்.

டைட்டஸ். போதகரின் கல்யாணத்துக்கு மாமனார் கொடுத்த சீதனங்களில் ஒருவர். ஒரு சுவர்க்கடிகாரம், ஆறு வெள்ளிக் கரண்டி, ஆறு வயது டைட்டஸ். போதகரின் மரத்தை வெட்டி, குதிரையைப் பார்த்து, ஜோயலைத் தோளில் தூக்கி வளர்த்தவர். சபைக்கூட மேல்மாடியின் கடைசி மூலையில், கறுப்பர்களுக்கென்று பெட்டிபோல் தடுத்த இருக்கைக்குள் உட்கார்ந்து அவரும் அன்று பிரசங்கத்தைக் கேட்டார்.

இரண்டாம் முறை மணற்கடிகாரம் திருப்பப்பட்ட பிறகு போதகர் வசனத்தை விட்டுச் சபையைப் பார்த்தார். பிறகு சொன்னார்:

"என் வீட்டிலிருந்தும் ஒருவன் போகிறான். டைட்டஸ் போகிறான், அவன் திரும்பி வரும் நாளில் எந்த மனிதனுக்கும் அடிமையாக இருக்க மாட்டான், இதைக் கர்த்தர் முன்பாகச் சொல்கிறேன்."

சபை அழுதது, போதகருக்கு உதவியாகச் சபைக் காரியங்களைப் பார்க்கும் டீக்கன் உட்பட. கெசையாவின் ஏட்டில் அந்த வாக்கியத்தின் ஓரத்தில் இப்படி இருக்கிறது: 'இங்கே டீக்கன் அமாசா அழுதார். கைக்குட்டை இல்லை. மனைவியின் சிவப்புக் கையுறையால் துடைத்துக்கொண்டார்.'

அந்தக் கோடையில் பிரசங்கம் பாஸ்டனில் அச்சாகி வந்தது. 'கேட்டோரின் வேண்டுகோளுக்கு இணங்க' என்று முகப்பில் போட்டு, இருபத்து நான்கு பக்கம். வீட்டுக்கு ஒரு பிரதி. கெசையா ஏட்டைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு வரி வரியாகப் படித்தார். பத்தொன்பதாம் பக்கத்தில், 'என் வீட்டிலிருந்தும் ஒருவன் போகிறான்' என்பதோடு நின்றது. அடுத்த வரியில் மறுபடி மேரோஸ். படிக்கிறவன் யாரும் போதகர் தன் மகனை அனுப்பினார் என்றுதான் நினைப்பான்.

அடுத்த முறை போதகர் வீட்டுக்குத் தைக்கப் போனபோது கேட்டார்.

"ஐயா, அச்சுல ஒரு வாக்கியம் விட்டுப்போச்சு."

"காகிதம் கெடைக்கறதே கஷ்டமா இருக்கு, சகோதரி. சுருக்க வேண்டியதாப் போச்சு."

மேரோஸைப் பதினேழு தடவை சபிக்கக் காகிதம் இருந்தது. ஆனாலும் கெசையா பேசாமல் வந்துவிட்டார். "அன்னைக்கே சத்தம் போட்டிருக்கணும். புத்தி இல்லாமப் போச்சு எனக்கு," என்று கடைசிவரை சொல்லிக்கொண்டிருந்தார்.

எண்பதாம் ஆண்டு மார்ச் மாதம் டைட்டஸ் திரும்பி வந்தார். சரடோகாவில் சண்டையிட்டவர். அடுத்த குளிர்காலத்தில் இடக்கால் விரல்கள் மூன்று பனியில் போயிருந்தன. அன்று கெசையா போதகர் வீட்டுச் சமையலறையில் அவருடைய கறுப்புக் கோட்டைப் பிரித்து, வெளுத்த பக்கம் உள்ளே போக மறுபடி தைத்துக்கொண்டிருந்தார். படிப்பறையின் கதவு சாத்தியிருக்கவில்லை; போதகரும் டைட்டஸும் பேசுவது கேட்டது.

"காகிதமா? என்ன காகிதம்?"

"விடுதலைக் காகிதம், ஐயா. பீடத்துல சொன்னீங்களே."

"பீடத்துல வேதத்தைத் தவிர நான் என்ன சொன்னேன்? இந்தா, அச்சுல இருக்கு. படிக்கத் தெரியுமில்ல உனக்கு? எங்கன்னு காட்டு."

காகிதம் புரளும் சத்தம் கொஞ்ச நேரம் கேட்டது.

"இதுல இல்ல, ஐயா."

"அப்ப சொல்லல. வர்ற சனிக்கெழமைக்கு அடுத்த சனிக்கெழமை ஹட்சன் ஆத்துப் பக்கத்துலேருந்து ஒரு கனவான் வர்றார். நல்ல மனுஷர்தான், ஓய்வுநாளை மதிக்கிறவர். வெலை பேசி முடிச்சாச்சு, நீ அவரோட போற."

போதகர் பொய் சொன்னாரா, மறந்தேபோனாரா என்று இன்றும் ஊரில் வாதம் நடக்கிறது. எனக்கு அதில் அக்கறை இல்லை. தனக்கு வசதியானதை மட்டும் மறக்கும் மனசாட்சிக்கு நான் தனிப் பெயர் தேடப் போவதில்லை.

டைட்டஸ் விறகு எடுக்கச் சமையலறைக்கு வந்தார். கெசையா ஊசியைக் கோட்டில் குத்தி வைத்தார்.

"டைட்டஸ், அன்னைக்கு என்ன சொன்னாருன்னு உனக்கு ஞாபகம் இருக்கா?"

"முகாம்ல தெனம் ராத்திரி அதச் சொல்லிட்டுத்தான் படுப்பேன், கெசையாம்மா. மத்தவங்க ஜெபம் பண்ணுவாங்க."

"சொல்லு."

சொன்னார். மறுநாள் காலை கெசையா எழுபத்தேழாம் ஆண்டு ஏட்டைக் கொண்டுவந்து காட்டினார். ஒரு சொல் மாறவில்லை. டைட்டஸ் அந்தப் பக்கத்தை விரலால் தொட்டுப் பார்த்தார்.

"இத வச்சு என்ன பண்றது? ஐயா அச்சுப் புத்தகத்தக் காட்டுவார். நீங்க தையல் நூல் போட்ட காகிதத்தக் காட்டுவீங்க."

"நீ கேட்டே, நான் எழுதினேன். அது போதாதா?"

"நான் கேட்டது கணக்குல வராதும்மா. நீங்க எழுதினது பாதிக் கணக்கு." ஏட்டைத் திருப்பிக் கொடுத்தபடி சொன்னார்: "ரெண்டு வாரம் கழிச்சு ஸ்டோனி ஹில்ல இதே பிரசங்கத்தத்தான் பண்ணினார். பீடம் மாத்திக்கிட்ட ஞாயித்துக்கெழமை. குதிரையப் பிடிச்சுக்கிட்டு ஜன்னலுக்கு வெளிய நின்னேன். அங்கயும் அதச் சொன்னார். அங்க யாராச்சும் எழுதியிருந்தா?"

ஆண்டுக்கு இரண்டு மூன்று முறை பக்கத்து ஊர்ப் போதகர்கள் பீடத்தை மாற்றிக்கொள்வது இங்கே வழக்கம். புதிய பிரசங்கம் எழுதும் வேலை மிச்சம். அந்தச் சோம்பேறித்தனத்துக்கு நான் நன்றி சொல்லும் ஒரே இடம் இதுதான்.

அடுத்த தடை பெரியது. சபைக் கூட்டத்தில் பெண்கள் வாய் திறக்கக் கூடாது. ஆண்கள் பேசுவார்கள், ஆண்கள் கை தூக்குவார்கள். ஒரு பெண்ணின் குரல் அங்கே கேட்க ஒரே வழிதான் உண்டு: அவள் பாவியாக நடு நடைபாதையில் நிற்க வேண்டும். குற்றம் சாட்டப்பட்டவரிடம் 'உனக்குச் சொல்ல ஏதாவது இருக்கிறதா' என்று கேட்காமல் தீர்ப்புச் சொல்லக் கூடாது என்பது சபையின் விதி. கெசையா அந்தக் கேள்விக்காகப் பாவியாக முடிவு செய்தார்.

தனியாகச் சொன்ன அவதூறு என்றால் முதலில் ஒருவர் வந்து கண்டிப்பார், பிறகு இருவர் வருவார்கள், மாதக்கணக்கில் இழுக்கும். எல்லோர் முன்னாலும் சொன்னது நேராகச் சபைக்குப் போகும். ஆகவே ஞாயிற்றுக்கிழமை, இரண்டு பிரசங்கங்களுக்கும் நடுவே, ஊரே சபைக்கூடத்துக்குப் பக்கத்தில் அடுப்புள்ள சிறு வீட்டில் நெருக்கி உட்கார்ந்து ரொட்டியும் பாலாடைக்கட்டியும் தின்றுகொண்டிருந்தபோது எழுந்து நின்றார்.

"டைட்டஸ விடுதலை பண்றேன்னு போதகர் கர்த்தர் முன்னால சொன்னார். இப்ப இல்லேன்னு பொய் சொல்றார். நான் சொல்றேன், கெசையா லோரிங் சொல்றேன். காதுல விழாதவங்க இருந்தா மறுபடி சொல்றேன்."

ஆப்பிள் மதுக் கோப்பை கையிலிருந்தபடியே டீக்கன் அமாசா வெளுத்துப்போனார். நல்ல மனிதர், பயந்தவர்.

"சகோதரி, இதுக்கு நீ சபையில பதில் சொல்ல வேண்டிவரும்."

"எப்போ?"

"எப்பவா?"

"வியாழக்கெழமை வச்சுக்குங்க. சனிக்கெழமைக்கு முன்னால முடியணும்."

"சபை நீக்கிட்டா ஒரு வீட்லயும் உன்ன உள்ள விடமாட்டாங்க. பொழப்பு?"

"உங்க கோட்டு முழங்கையில கிழிஞ்சிருக்கு, டீக்கன். யாரு தைக்கிறாங்கன்னு பாப்போம்."

திங்கட்கிழமை ஒன்பது மைல் நடந்து ஸ்டோனி ஹில் போனார். பனி உருகிச் சேறு முழங்காலளவு. அந்த ஊரில் பிரசங்கம் எழுதுகிறவர் ஒருவர்தான் என்று சொன்னார்கள்: ஒசையாஸ் டட்டில் என்ற செருப்புத் தைக்கிற கிழவர். அவரும் ஞாயிறுதோறும் எழுதுவார்; ஆனால் பிரசங்கத்தை எழுதமாட்டார். அதிலுள்ள பிழைகளை மட்டும் எழுதுவார்.

"சோமர்ஸா? வந்தார், வந்தார்," என்று வாயிலிருந்த ஆணிகளைத் துப்பிவிட்டு ஏட்டைப் புரட்டினார் ஒசையாஸ். "ஒம்பது பிழை. நம்ம ஊர்க்காரர் சராசரியா ஆறுதான் பண்ணுவார். ஒண்ணு, கிருபையப் பத்தி ஒளறல். ரெண்டு, மேரோஸ் எங்க இருக்குன்னே தெரியல. மூணு..."

"பின்னாடி ஏதாவது சத்தியம் பண்ணினது இருக்கா, அண்ணே?"

"அவசரப்படுத்தாதம்மா, பிழைன்னா வரிசையாத்தான் வரும். ஏழு... இதோ. 'பீடத்தில் நின்று வீட்டு விவகாரத்தைச் சத்தியம் செய்கிறார். டைட்டஸ் என்ற தன் ஆள் போரிலிருந்து திரும்பும் நாளில் எந்த மனிதனுக்கும் அடிமையாக இருக்க மாட்டான் என்கிறார். விடுதலை செய்ய நீதிபதி இருக்கிறார், பீடம் அதற்கல்ல.' பெரும் பிழைம்மா இது. அடிக்கோடு போட்டிருக்கேன் பாரு."

"இந்த ஏட்ட எனக்கு ரெண்டு நாள் குடுங்க."

"என் ஏடு என் கடைய விட்டுப் போகாது."

கெசையா சேற்றுப் பாவாடையோடு அங்கேயே ஒரு முக்காலியில் உட்கார்ந்துவிட்டார். "அப்ப நீங்க வாங்க. எங்க போதகரோட பிழைய எங்க சபை முன்னாலயே படிக்கிற பாக்கியம் உங்களுக்கு எந்தக் காலத்துல கெடைக்கும்?"

ஒசையாஸ் கையிலிருந்த தோலைக் கீழே வைத்தார். "ஒம்பதையும் படிக்கலாமா?"

"ஏழ மட்டும்."

"சரி, ஏழும் ஒண்ணும்."

வியாழக்கிழமை கூட்டத்துக்கு ஆண்கள் முப்பத்தொரு பேர் வந்தார்கள். பெண்கள் அவர்களுக்கான பக்கத்தில் வழக்கத்துக்கு மேல் வந்திருந்தார்கள். டைட்டஸ் மேலே தன் மூலையில். குற்றச்சாட்டு போதகர்மேல் சொன்ன அவதூறு. கூட்டத்துக்குத் தலைவர் போதகர். நடந்ததைப் பதிவேட்டில் எழுதப்போகிறவரும் போதகர். இதை விசாரணை என்று சொல்லும் அளவுக்கு நம் நாட்டில் சொற்கள் மலிவு.

கெசையா நடுவே நின்றார். டீக்கன் அவர் கையில் ஒரு தாளைக் கொடுத்தார். மன்னிப்பு வாக்குமூலம், போதகரே எழுதிக் கொடுத்தது. அவர் அதை உரக்கப் படித்து அழுதால் போதும், எல்லோரும் வீட்டுக்குப் போய் அவரை மன்னித்துவிட்ட திருப்தியில் சாப்பிடலாம்.

"சகோதரி லோரிங், உனக்குச் சொல்ல ஏதாவது இருக்கா?" என்று போதகர் விதிப்படி கேட்டார்.

"இருக்கு, ஐயா."

தாளை இரண்டாக மடித்து ஏட்டுக்கு அடியில் வைத்துக்கொண்டு ஏட்டைப் படித்தார். அழகாகப் படிக்கவில்லை. துணி அளவு சொல்வதுபோல் ஒரே தொனியில், மணற்கடிகாரம் திருப்பியதிலிருந்து அந்த வாக்கியம் வரை.

"வீட்ல உக்காந்து ஒரு பொம்பள கிறுக்கினது," என்றார் போதகர். "அச்சுல இருக்கறதுதான் பிரசங்கம். இங்க இருக்கிற சகோதரர்கள்ல ஒருத்தருக்காவது இப்படி நான் சொன்னதா ஞாபகம் இருக்கா?"

யாரும் எழவில்லை. அவர்கள் கெட்டவர்கள் அல்ல. மூன்றாண்டாக அந்த அச்சுப் பிரதியை மாலை வேளைகளில் வீட்டாருக்குப் படித்துக் காட்டியவர்கள். படித்துப் படித்து, கேட்டதையும் அச்சிலிருந்ததைப் போலவே மாற்றிக்கொண்டவர்கள். அச்சிட்டதை நம்பித் தங்கள் காதுகளையே நம்பாமல் போனார்கள்.

ஒசையாஸ் கடைசி வரிசையில் எழுந்தார். "நான் வேற சபை. ஓட்டுக் கெடையாது. ஆனா பிழையப் படிக்கக் கூடாதுன்னு எந்த விதியும் இல்ல," என்று சொல்லி, தடுக்குமுன் ஏழாம் பிழையைப் படித்துவிட்டார். ஒன்றாம் பிழையைத் தொடங்கியபோது உட்கார வைத்தார்கள்.

"ரெண்டு பேரும் பேசி வச்சு எழுதியிருக்காங்க," என்றார் போதகர். அவர் குரல் உயர்ந்திருந்தது.

"நான் இன்னும் முடிக்கல," என்றார் கெசையா. "ஓரத்துல எழுதினது பாக்கி இருக்கு."

சிவப்புக் கையுறையைப் படித்தார்.

யாரோ சிரித்தார்கள். டீக்கன் அமாசா சிரிக்கவில்லை. தன் இரண்டு கைகளையும் பார்த்துக்கொண்டிருந்தார். அவர் மனைவி பிரசங்கம் நடந்த ஆண்டுக் கோடையிலேயே இறந்துவிட்டிருந்தார்.

"கையுறை," என்றார் மெதுவாக. "ஆமா. குளிருதுன்னு அவதான் கழட்டிக் குடுத்தா. வீட்டுக்குப் போற வழியில, 'பாத்தீங்களா, போதகர் டைட்டஸ விட்டுட்டார், நாம நம்ம கூலிக்காரனுக்கு ஒரு கோட்டாவது குடுப்போம்'னு சொன்னா." அவர் பெஞ்சைப் பிடித்துக்கொண்டு எழுந்தார். "அதச் சொன்னீங்க, ஐயா. நான் அதுக்குத்தான் அழுதேன். மேரோஸுக்கு எவன் அழுவான்?"

மேல் மூலையிலிருந்து டைட்டஸ் பேசினார். அவரிடம் யாரும் கேட்கவில்லை.

"நான் போனேன். திரும்பி வந்தேன். என் பங்கு முடிஞ்சுது, ஐயா."

கெசையா குற்றவாளி என்பவர்கள் கை தூக்கச் சொன்னார்கள். முப்பத்தொரு பேரில் நான்கு கைகள் எழுந்தன. அதில் ஒன்று ஜோயலுடையது. ஆகவே எங்கள் சபைப் பதிவேட்டில், எலிஃபலெட் சோமர்ஸின் அழகான கையெழுத்தில், இன்றும் இருக்கிறது: 'சகோதரி லோரிங் கூறியது உண்மையெனச் சபை காண்கிறது, அவர்மேல் குற்றமில்லை.' அதை எழுதி முடிக்க அவருக்குக் கால்மணி நேரம் ஆயிற்று. டீக்கன் பக்கத்தில் நின்று ஒவ்வொரு சொல்லையும் பார்த்தார்.

வெள்ளிக்கிழமை டைட்டஸ் அந்தப் பதிவின் நகலோடு நீதிபதியிடம் போனார்; போதகரும் போய்க் கையெழுத்திட வேண்டியதாயிற்று. சனிக்கிழமை ஹட்சன் கனவான் வந்து, ஒரு கோப்பை ஆப்பிள் மது குடித்துவிட்டு, ஓய்வுநாள் தொடங்குவதற்குள் ஊரைவிட்டுப் போனார். டைட்டஸ் மேற்குக் காட்டோரம் நிலம் வாங்கி, கரி சுட்டு விற்று, கல்யாணம் செய்து, எழுபது வயதுவரை இருந்தார். அவர் பெட்டியில் காகிதம் இரண்டு இருந்தன: நீதிபதியின் காகிதம் ஒன்று, கெசையா தன் கையால் ஏட்டிலிருந்து பிரித்துக் கொடுத்த நாலு பக்கம் ஒன்று.

எல்லாம் சரியாகிவிட்டது என்று நான் சொல்ல மாட்டேன். போதகர் மேலும் பதினாறு ஆண்டு அதே பீடத்தில் நின்றார். டைட்டஸ் வாழ்நாள் முழுவதும் அதே மூலைப் பெட்டியில்தான் உட்கார்ந்தார். கெசையாவை இரண்டு வீடுகள் கடைசிவரை வேலைக்குக் கூப்பிடவில்லை. அவர் அதைப் பற்றிப் பேசியதும் இல்லை, எழுதுவதை நிறுத்தியதும் இல்லை; போன குளிர்காலத்தில் இறந்தபோது ஏடுகள் ஒரு மாவுப் பீப்பாய் நிறைய இருந்தன. கடவுள் முன்பாகச் சொன்ன சொல்லைத் திரும்ப வாங்க முடியாது என்று அவர் நம்பினார். நான் அவர் கடவுளை நம்புகிறவன் அல்ல. அவர் ஈயக் குச்சியை நம்புகிறவன்.

அந்த அச்சுப் பிரதி மட்டும் இன்னும் புழக்கத்தில் இருக்கிறது. சுதந்திரத்தின் தீப்பந்தம் என்று அதைப் புகழ்கிறார்கள், பள்ளிகளில் பிள்ளைகளுக்குப் படித்துக் காட்டுகிறார்கள். இந்த மாகாணத்தில் நூறு வீடுகளிலாவது இருக்கும். உங்கள் வீட்டு அலமாரியிலும் இருக்கலாம். தேடிப் பாருங்கள். பத்தொன்பதாம் பக்கத்தைத் திறந்து, 'என் வீட்டிலிருந்தும் ஒருவன் போகிறான்' என்ற வரிக்குப் பக்கத்தில், ஓரத்தில், உங்கள் கையால் இதை எழுதுங்கள்: 'டைட்டஸ் போகிறான், அவன் திரும்பி வரும் நாளில் எந்த மனிதனுக்கும் அடிமையாக இருக்க மாட்டான்.' மையால் எழுதுங்கள். இன்றைக்கே எழுதுங்கள்.